கட்டிப் போட்டு எரிக்கும் ராக்கெட்

நாகர்கோவிலில் திருநெல்வேலி பஸ் ஏறி ஆரல்வாய்மொழிக் கணவாயைத் தாண்டினால் காற்றாலைகள் வரிசையாக நின்று கையாட்டும். பஸ்ஸில் இருப்பவர்கள் எல்லோரும் அதைத்தான் வேடிக்கை பார்ப்பார்கள். காவல்கிணறு, பணகுடி பக்கம் வரும்போது மேற்கே திரும்பிப் பார்த்தால் மேகம் உட்கார்ந்த ஒரு பெரிய மலை தெரியும். பெயர் மகேந்திரகிரி. அனுமன் இலங்கைக்குத் தாவியது மகேந்திர மலையில் இருந்துதான் என்கிறது ராமாயணம். கம்பராமாயணத்தில் அதற்கு மயேந்திரப் படலம் என்று தனிப் படலமே இருக்கிறது. அந்த மலை இந்த மலைதான் என்பது அந்தப் பக்கத்து மக்களின் நம்பிக்கை.

ஆனால் பாருங்கள், இப்போது அதே மலை அடிவாரத்தில் நடப்பது தலைகீழ் வேலை. அங்கே ராக்கெட்டைத் தாவ விடுவதில்லை. ஒரு இஞ்ச் கூட நகராதபடி இரும்பிலும் கான்கிரீட்டிலும் கட்டிப் போட்டு, முழு வேகத்தில் எரிக்கிறார்கள். இஸ்ரோவின் உந்துவிசை வளாகம் அது. ஸ்ரீஹரிகோட்டாவில் ராக்கெட் கிளம்பும்போது டிவியில் எல்லோரும் பார்க்கிறோம். மகேந்திரகிரியில் என்ஜின் எரியும்போது யாரும் பார்ப்பதில்லை. அடுத்த நாள் பேப்பரில் உள்பக்கத்தில் நாலு வரி வந்தால் உண்டு. "சோதனை வெற்றி" என்று இருக்கும். எதைச் சோதித்தார்கள், தோற்றிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதெல்லாம் அந்த நாலு வரிக்குள் வராது.

முதலில் ஒரு அடிப்படைக் கேள்வி. ராக்கெட் என்ஜினைத் தரையில் ஏன் எரித்துப் பார்க்க வேண்டும்? பைக் வாங்கும் முன் ஓட்டிப் பார்ப்பது போலத்தானே என்று தோன்றும். இல்லை. பைக் வழியில் நின்றால் ஓரங்கட்டி, ஸ்பார்க் பிளக்கைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி உதைக்கலாம். வானத்தில் நின்றுபோன என்ஜினை யாரும் கழற்றிப் பார்க்க முடியாது. அது செயற்கைக்கோளையும் இழுத்துக்கொண்டு கடலில் விழுந்துவிடும். மிஞ்சுவது ரேடியோ வழியாக வந்து சேர்ந்த எண்கள் மட்டும். அந்த எண்களை வைத்துக்கொண்டு என்ன நடந்தது என்று ஊகிக்க வேண்டும். தரையில் ஒரு என்ஜின் பழுதானால் பிரித்து மேஜை மேல் பரப்பி, எந்த பேரிங் தேய்ந்தது, எந்த இடத்தில் உலோகம் உருகியது என்று கண்ணால் பார்க்கலாம். இந்த வித்தியாசம் எவ்வளவு பெரியது என்பதை 2010-ல் நடந்த ஒரு சம்பவம் காட்டும். அதற்குப் பிறகு வருவோம்.

என்ஜின் சோதனை என்றால் ஒரே நாளில் மொத்தமாகக் கொளுத்திப் பார்ப்பதில்லை. பம்ப் தனியாக, பற்றவைக்கும் கருவி தனியாக, எரிபொருளைத் தூவும் தட்டு தனியாக என்று ஒவ்வொரு உறுப்பாகச் சோதித்து, பிறகு சேர்த்து, முதலில் சில விநாடிகள், பிறகு சில பத்து விநாடிகள், கடைசியில் பறக்கும்போது எவ்வளவு நேரம் எரிய வேண்டுமோ அவ்வளவு நேரம். யூனிட் டெஸ்ட், மாதத் தேர்வு, மாடல் எக்ஸாம் மாதிரி. அதற்கும் மேலே என்ஜின், டேங்க், குழாய்கள் எல்லாம் சேர்ந்த முழு அடுக்கையும் கட்டி வைத்து எரிக்கும் சோதனை ஒன்று இருக்கிறது.

இதில் இரண்டு வகையைக் குழப்பிக்கொள்ளக் கூடாது. ஒன்று, இந்த வடிவமைப்பே சரியா என்று பார்ப்பது. இதற்கென்றே செய்த என்ஜின்களைக் கசக்கிப் பிழிவார்கள். அழுத்தத்தைக் கூட்டுவார்கள், எரிபொருள் கலவை விகிதத்தை மாற்றுவார்கள், தேவையான நேரத்தைவிட அதிக நேரம் எரிப்பார்கள். அந்த என்ஜின்கள் பறக்கப் போவதே இல்லை. இரண்டாவது, பறக்கப் போகும் அந்த ஒரு என்ஜின் சரியாகச் செய்யப்பட்டிருக்கிறதா என்று பார்ப்பது. இதைக் கொஞ்ச நேரம்தான் எரிப்பார்கள். சந்திரயான்-3-ஐத் தூக்கிக்கொண்டு போன எல்விஎம்3 ராக்கெட்டின் மேல் அடுக்கில் இருந்த சிஇ-20 கிரையோஜெனிக் என்ஜின், 2023 பிப்ரவரி 24 அன்று மகேந்திரகிரியில் 25 விநாடிகள் எரிந்தது. அவ்வளவுதான். ஜூலை 14-ல் பறந்தபோது அது எரிய வேண்டிய நேரம் பத்து நிமிடத்துக்கும் மேல். 25 விநாடியில் பாஸ் மார்க் போட்டு அனுப்பிவிட்டார்களே என்று நினைக்க வேண்டாம். அதே வடிவமைப்பில் செய்த வேறு என்ஜின் 2016 பிப்ரவரியிலேயே 640 விநாடிகள் எரிந்து காட்டியிருக்கிறது. பறக்கும் என்ஜினின் ஆயுளைத் தரையிலேயே செலவழிக்க யாருக்கும் மனம் வராது.

திட எரிபொருள் ராக்கெட்டுக்கு இந்த வசதியும் கிடையாது. அது சிவகாசிப் பட்டாசு மாதிரி. கடையில் "இது வெடிக்குமா?" என்று வெடித்துப் பார்த்து வாங்க முடியுமா? வெடித்துப் பார்த்தது போய்விடும், வாங்கி வந்தது எப்படி இருக்கும் என்பது அடுத்த அணுகுண்டு வெடியின் ராசி. எல்விஎம்3-ன் பக்கவாட்டில் நிற்கும் எஸ்200 மோட்டாரை 2010 ஜனவரி 24-ல் ஸ்ரீஹரிகோட்டாவில் 130 விநாடி எரித்துப் பார்த்தார்கள். எரிந்தது எரிந்ததுதான். பறக்கும் மோட்டாரை எக்ஸ்ரே, அல்ட்ராசவுண்ட் என்று வெளியில் இருந்துதான் பரிசோதிக்க முடியும்.

திரவ என்ஜினுக்கே வருவோம். மகேந்திரகிரியில் அதிகம் உழைத்தது விகாஸ் என்ஜின். 1970-களில் பிரான்ஸோடு செய்துகொண்ட ஒப்பந்தப்படி இந்தியப் பொறியாளர்கள் அங்கே போய் வைக்கிங் என்ஜின் வேலையில் சேர்ந்து உழைத்தார்கள். பதிலுக்குப் பணம் வாங்கவில்லை, தொழில்நுட்பத்தை வாங்கினார்கள். அந்த அணிக்குத் தலைமை வகித்தவர் நம்பி நாராயணன், பிறந்த ஊர் நாகர்கோவில். இந்தியாவில் செய்த முதல் என்ஜினை எரித்துப் பார்க்க அன்றைக்கு இங்கே இடம் இல்லை. 1985-ல் பிரான்ஸில் வெர்னான் என்ற ஊரில் வைத்துத்தான் சோதித்தார்கள். என்ஜின் செய்வதும் என்ஜினைச் சோதிக்க இடம் கட்டுவதும் கிட்டத்தட்ட ஒரே அளவு வேலை என்பது வெளியில் இருப்பவர்களுக்குத் தெரியாத விஷயம். பிறகு நாகர்கோவிலுக்குப் பக்கத்து மலையிலேயே அந்த இடம் வந்துவிட்டது.

சோதனை மேடை எப்படி இருக்கும்? உயரமான கான்கிரீட் கட்டடம். நடுவில் என்ஜினை மாட்டியிருப்பார்கள். என்ஜின் தள்ளும் தள்ளு முழுவதும் அதைப் பிடித்திருக்கும் இரும்புச் சட்டத்தில் போய் இறங்கும். அங்கே லோட் செல் என்று ஒன்று இருக்கும். சூப்பர் மார்க்கெட்டில் தக்காளி நிறுக்கும் மின்னணுத் தராசிலும் அதுதான் இருக்கிறது. இங்கே நிறுப்பது தக்காளி இல்லை, விகாஸ் என்றால் சுமார் 80 டன் தள்ளு. கீழே வரும் நெருப்பைத் திருப்பிவிட ஒரு சாய்வான பள்ளம். அதில் தண்ணீரைக் கொட்டிக்கொண்டே இருப்பார்கள். இல்லாவிட்டால் கான்கிரீட்டே தாங்காது. சோதனைப் படங்களில் தெரியும் வெள்ளை மேகம் பெரும்பாலும் புகை இல்லை, நீராவி. என்ஜினின் மேல் எங்கு பார்த்தாலும் அழுத்தம், வெப்பம், அதிர்வு அளக்கும் உணரிகள். பறக்கும்போது எடை பார்க்க வேண்டும், அதனால் கொஞ்சம்தான் வைக்க முடியும். தரையில் அந்தக் கஞ்சத்தனம் வேண்டாம்.

மனிதர்கள் தூரத்தில், பாதுகாப்பான கட்டுப்பாட்டு அறையில். சோதனையை நிறுத்தும் முடிவைக்கூடப் பெரும்பாலும் கணினியிடம்தான் விட்டிருப்பார்கள். ஏதாவது ஒரு எண் எல்லையைத் தாண்டினால் வால்வுகள் தானாக மூடிக்கொள்ளும். மனிதன் திரையைப் பார்த்து, "ஐயோ" என்று நினைத்து, பட்டனை நோக்கிக் கையை நீட்டுவதற்குள் எல்லாம் முடிந்திருக்கும்.

கிரையோஜெனிக் என்ஜின் என்றால் இன்னும் ஒரு தொல்லை கூடுதல். திரவ ஹைட்ரஜன் மைனஸ் 253 டிகிரி. திரவ ஆக்சிஜன் மைனஸ் 183 டிகிரி. திருநெல்வேலி வெயிலில் 35 டிகிரியில் நிற்கும் இரும்புக் குழாய்க்குள் மைனஸ் 253 டிகிரித் திரவத்தை ஊற்றினால் என்ன ஆகும்? சூடான தோசைக்கல்லில் தண்ணீர் தெளித்த கதைதான். திரவம் எல்லாம் வாயுவாகிவிடும். திரவத்தை இறைக்கச் செய்த பம்ப் வாயுவில் சுற்றினால் தறிகெட்டு ஓடும். அதனால் என்ஜினைப் பற்றவைக்கும் முன் கொஞ்சம் கொஞ்சமாகக் குளிர வைக்க வேண்டும். அதற்கும் முன் உள்ளே இருக்கும் காற்றை ஹீலியம் விட்டு வெளியே துரத்த வேண்டும். இல்லாவிட்டால் காற்றே உறைந்து கல்லாகி வால்வில் உட்கார்ந்துகொள்ளும். ஹைட்ரஜன் கசிந்து தீப்பிடித்தால் அந்தத் தீ பகல் வெளிச்சத்தில் கண்ணுக்கே தெரியாது.

எல்லாவற்றையும்விட முக்கியமானது ஒன்று. குளிர்ந்தால் உலோகம் சுருங்கும். கிட்டத்தட்ட 290 டிகிரி இறங்கும்போது நன்றாகவே சுருங்கும். அலுமினியம் ஒரு மாதிரி, எஃகு ஒரு மாதிரி. சாதாரண வெப்பத்தில் தலைமுடி அளவு இடைவெளி விட்டுப் பொருத்திய இரண்டு பாகங்கள் அந்தக் குளிரில் ஒன்றையொன்று கவ்விக்கொள்ளலாம். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

இப்போது 2010.

1990-களில் ரஷ்யா கிரையோஜெனிக் தொழில்நுட்பத்தைத் தருவதாக ஒப்பந்தம் போட்டு, அமெரிக்கா குறுக்கே விழுந்து, கடைசியில் தொழில்நுட்பம் கிடையாது, செய்து முடித்த என்ஜின்கள் மட்டும் என்று ஆன கதை பலருக்கும் தெரிந்ததுதான். அதனால் இந்தியா சொந்தமாகச் செய்யத் தொடங்கியது. வருடக்கணக்கில் இழுத்த வேலை. 2007 நவம்பர் 15 அன்று மகேந்திரகிரியில் இந்தியாவிலேயே செய்த கிரையோஜெனிக் அடுக்கு முழுசாக 720 விநாடிகள் எரிந்தது. பறக்கும்போது எவ்வளவு நேரம் எரிய வேண்டுமோ அதே அளவு. பன்னிரண்டு நிமிடம். மாடல் எக்ஸாமில் சென்டம்.

2010 ஏப்ரல் 15 சாயங்காலம் ஜிஎஸ்எல்வி-டி3 ஸ்ரீஹரிகோட்டாவில் இருந்து கிளம்பியது. தலையில் ஜிசாட்-4 செயற்கைக்கோள், 2200 கிலோவுக்கு மேல். 293 விநாடி வரை எல்லாம் சரி. கிரையோஜெனிக் அடுக்கின் முறை வந்தது. என்ஜின் பற்றிக்கொண்டது. ஆனால் தள்ளு ஏறவில்லை. ராக்கெட் செயற்கைக்கோளோடு வங்காள விரிகுடாவில் விழுந்தது.

காரணம் என்னவென்று குழு போட்டு ஆராய்ந்தார்கள். ஹைட்ரஜன் டேங்குக்கும் பெரிய பம்ப்புக்கும் நடுவில் ஒரு துணைப் பம்ப் உண்டு. டேங்கில் இருந்து வரும் ஹைட்ரஜனுக்குக் கொஞ்சம் அழுத்தம் ஏற்றிப் பெரிய பம்ப்புக்குக் கொடுப்பது அதன் வேலை. அன்றைக்கு அது சரியாகத்தான் சுற்றத் தொடங்கியது. நிமிடத்துக்கு 34,800 சுற்று வரை போனது. 0.9 விநாடி கழித்து வேகம் குறைய ஆரம்பித்தது. அடுத்த 0.6 விநாடியில் நின்றுவிட்டது. ஒன்றரை விநாடிதான். "ஒண்ணு, ரெண்டு" என்று சொல்லி முடிக்கும் முன் பதினைந்து வருட உழைப்பு கடலுக்குப் போய்விட்டது.

பம்ப் ஏன் நின்றது? குழு இரண்டு சாத்தியங்களைச் சொன்னது. ஒன்று, ஒரு சீல் இருக்கும் இடத்தில் பாகங்கள் கவ்விக்கொண்டு சுழலி இறுகியிருக்கலாம். இரண்டு, அழுத்தமும் வெப்பநிலை மாற்றம் தரும் இழுவிசையும் அதிகமாகி டர்பைனின் உறை வெடித்திருக்கலாம். இந்த "லாம்" என்ற விகுதியைக் கவனியுங்கள். அந்தப் பம்ப்பை யாரும் கண்ணால் பார்க்கவில்லை. அது கடலுக்கு அடியில் கிடக்கிறது. இத்தனை பெரிய நிபுணர்களாலும் சாத்தியம் என்ற வார்த்தையோடு நின்றுகொள்ளத்தான் முடிந்தது. அதனால் இரண்டில் எது உண்மை என்று தெரியாமலேயே இரண்டுக்கும் மருந்து போட வேண்டி வந்தது.

இங்கேதான் ஒரு சங்கடமான கேள்வி வருகிறது. தரையில் 720 விநாடி ஓடிய வடிவமைப்பு வானத்தில் ஒன்றரை விநாடிகூட ஓடவில்லை என்றால், தரைச் சோதனைக்கு என்ன மரியாதை?

பதில் சொல்வது அவ்வளவு சுலபமில்லை. பள்ளிக்கூடத்தில் மாடல் எக்ஸாமில் நன்றாக எழுதிவிட்டுப் பொதுத் தேர்வில் கோட்டை விடுபவர்கள் உண்டு. கேள்வித்தாள் ஒன்றுதான், ஆனால் ஹால் வேறு, பெஞ்ச் வேறு, பக்கத்தில் நிற்கும் ஆள் வேறு. தரையில் எரிந்த என்ஜின் அசையாமல் நிற்கிறது, சுற்றிலும் காற்று இருக்கிறது, எடை கீழ்நோக்கி இழுக்கிறது. பறக்கும் என்ஜின் ஐந்து நிமிடம் குலுங்கி, அதிர்ந்து, காற்றே இல்லாத இடத்துக்குப் போய்ச் சேர்ந்த பிறகுதான் பற்றவைக்கப்படுகிறது. அதுவும் தவிர, தரையில் 720 விநாடி ஓடியது ஒரு பம்ப், வானத்துக்குப் போனது அதன் தம்பி. இருவருக்கும் நடுவில் தலைமுடி அளவு வித்தியாசம் இருந்திருந்தாலும் போதும்.

இஸ்ரோ அதற்குப் பிறகு செய்ததுதான் இந்தக் கதையில் மெச்ச வேண்டிய பகுதி. தரைக்கும் வானத்துக்கும் என்னென்ன வித்தியாசம் என்று ஒவ்வொன்றாகப் பட்டியல் போட்டு, அதை எல்லாம் தரைக்கே கொண்டுவர முயன்றார்கள். பம்ப்பின் பேரிங்கும் உறையும் குளிரில் சுருங்குவதைக் கணக்கில் எடுத்து வடிவமைப்பை மாற்றினார்கள். பறக்கப் போகும் பம்ப்பையே சோதித்தார்கள். பற்றவைக்கும் வரிசையைத் திருத்தினார்கள். பிறகு, வெற்றிடத்திலேயே என்ஜினைப் பற்றவைத்துப் பார்க்க முடிவு செய்தார்கள்.

டி3-யில் பற்றவைப்பு சரியாகத்தான் நடந்தது என்றே குழு சொல்லியிருந்தது. அப்படி இருந்தும் அதையும் சோதித்தார்கள் என்பதைக் கவனிக்க வேண்டும். ஒரு கேள்வியில் மார்க் போனதற்கு முழுப் பாடத்தையும் மறுபடி படிப்பது இது.

தரையில் வெற்றிடமா? பெரிய அறைக்குள் என்ஜினை வைத்துக் காற்றை உறிஞ்சி எடுத்துவிடலாம், அதுவரை சரி. என்ஜின் பற்றிக்கொண்டதும் விநாடிக்குக் கிலோ கணக்கில் வாயுவைக் கக்குமே, அந்த அறை மறுபடி நிறைந்துவிடாதா? இதற்கு ஒரு அழகான தந்திரம் இருக்கிறது. என்ஜினின் வாயில் இருந்து ஒரு நீண்ட குழாய், நடுவில் கொஞ்சம் குறுகி மறுபடி விரியும். ஒலியைவிடப் பல மடங்கு வேகத்தில் வெளியேறும் வாயு, போகிற போக்கில் அறைக்குள் மிச்சம் இருக்கும் வாயுவையும் இழுத்துக்கொண்டு போகும். வேகமாகப் போகும் லாரிக்குப் பின்னால் ரோட்டில் கிடக்கும் காகிதங்கள் ஓடுகிற மாதிரி. போதாததற்குக் குழாயின் மறுமுனையில் வேறு ஒரு வாயுத் தாரையை வேகமாக அடித்து இன்னும் உறிஞ்சுவார்கள். என்ஜின் தன் வெற்றிடத்தைத் தானே காப்பாற்றிக்கொள்கிறது. மகேந்திரகிரியில் உள்ள இந்த உயர்மட்டச் சோதனைக் கூடத்தில் 2013 மார்ச்சில் கிரையோஜெனிக் என்ஜினை வெற்றிடத்தில் பற்றவைத்துப் பார்த்தார்கள்.

அந்த வருடம் ஆகஸ்ட் 19 அன்று ஜிஎஸ்எல்வி-டி5 தயாராக நின்றது. கிளம்ப 74 நிமிடம் இருக்கும்போது கவுண்ட்டவுனை நிறுத்தினார்கள். கிரையோஜெனிக் என்ஜினில் பிரச்சினையா? இல்லை. இத்தனை வருடம் கவலையே தராத இரண்டாவது அடுக்கின் எரிபொருள் டேங்க் கசிந்துவிட்டது. டேங்க் செய்த அலுமினியக் கலவை நாளடைவில் விரிசல் விடும் ரகம். கலவையையே மாற்றிப் புது டேங்க் செய்தார்கள். எதைப் பார்த்துப் பயப்படுகிறோமோ அது சும்மா இருக்கும், நம்பியது காலை வாரும். ராக்கெட்டுக்கும் இந்தப் புத்தி உண்டு போலிருக்கிறது :-)

2014 ஜனவரி 5 சாயங்காலம் டி5 கிளம்பியது. கிரையோஜெனிக் அடுக்கு பற்றிக்கொண்டு பன்னிரண்டு நிமிடம் எரிந்து ஜிசாட்-14-ஐக் கொண்டுபோய்ச் சேர்த்தது. டிவியில் கட்டுப்பாட்டு அறையில் கட்டிப்பிடித்துக்கொண்டவர்களைக் காட்டினார்கள். அவர்கள் அந்தப் பன்னிரண்டு நிமிடத்தில் முதல் ஒன்றரை விநாடியைத்தான் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு பார்த்திருப்பார்கள் என்று ஊகிப்பதில் தப்பில்லை.

தரைச் சோதனையில் மிச்சம் பிடித்தவர்களின் கதையும் ஒன்று உண்டு. நிலவுக்கு மனிதனை அனுப்ப சோவியத் யூனியன் கட்டிய என்1 ராக்கெட்டின் முதல் அடுக்கில் 30 என்ஜின்கள். அந்த முப்பதையும் ஒன்றாகக் கட்டி வைத்து எரித்துப் பார்க்கும் மேடை அவர்களிடம் இல்லை. என்ஜின்களின் சில வால்வுகள் ஒரு முறைதான் திறக்கும், அதனால் எரித்துப் பார்த்த என்ஜினைப் பறக்க விட முடியாது. ஒரு தொகுப்பில் இருந்து சிலவற்றை எடுத்து எரித்துப் பார்த்துவிட்டு மீதியை நம்பி மாட்டினார்கள். ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்ற கணக்கு. சோற்றுக்குச் சரிதான், ஒரே பானையில் வெந்தது. முப்பது என்ஜின்கள் ஒன்றாக எரியும்போது ஒன்றை ஒன்று அதிர வைக்கும், ஒன்று வெடித்தால் பக்கத்தில் இருப்பதும் போகும். 1969-ல் இருந்து 1972 வரை நான்கு முறை கிளப்பினார்கள், நான்கும் முதல் அடுக்கு எரிந்துகொண்டிருக்கும்போதே போயின. இரண்டாவது முறை, 1969 ஜூலை 3 அன்று, ராக்கெட் ஏவுதளத்திலேயே திரும்ப விழுந்து தளத்தையே தரைமட்டமாக்கியது. அப்போலோ 11 கிளம்ப அப்போது 13 நாள் இருந்தது.

அமெரிக்கர்களுக்கும் சும்மா கிடைத்துவிடவில்லை. சாட்டர்ன் 5-ன் எஃப்-1 என்ஜின் 1962-ல் சோதனை மேடையில் தன்னைத்தானே உருக்கிக்கொண்டது. உள்ளே எரியும் நெருப்பு ஊசலாடத் தொடங்கினால் அது வளர்ந்துகொண்டே போய் என்ஜினைக் கிழித்துவிடும். ஏன் ஊசலாடுகிறது என்று காகிதத்தில் கணக்குப் போட்டுக் கண்டுபிடிக்க அன்றைய கணிதம் போதவில்லை. என்ன செய்தார்கள் தெரியுமா? எரிந்துகொண்டிருக்கும் என்ஜினுக்குள் சின்னக் குண்டு ஒன்றை வெடிக்க வைத்தார்கள்! வேண்டுமென்றே ஊசலாட்டத்தைக் கிளப்பிவிட்டு, அது தானாக அடங்குகிறதா என்று பார்த்தார்கள். எரிபொருள் தூவும் தட்டை மாற்றி மாற்றி, வருடக்கணக்கில் எரித்து எரித்து, கடைசியில் குண்டு வெடித்தாலும் பத்தில் ஒரு விநாடிக்குள் அடங்கும் என்ஜினைச் செய்தார்கள். பறந்த 13 சாட்டர்ன் 5-களில் ஒன்றில்கூட எஃப்-1 காலை வாரவில்லை.

இனி சிஇ-20. மனிதர்களைக் கொண்டு போகும் ககன்யான் ராக்கெட்டின் மேல் அடுக்கில் இருக்கப் போவது இதுதான். செயற்கைக்கோள் போனால் இன்சூரன்ஸ், வருத்தம், அடுத்த முயற்சி. மனிதன் இருந்தால் அந்தக் கணக்கு செல்லாது. அதனால் நான்கு என்ஜின்களை வைத்து 39 முறை, மொத்தம் 8810 விநாடி எரித்தார்கள். தேவைப்பட்டது 6350 விநாடிதான். 2024 பிப்ரவரியில் அந்த வரிசையின் கடைசிச் சோதனை, வெற்றிடத்தில் பற்றவைப்பது, ஏழாவது தடவை. 8810 விநாடி என்றால் இரண்டரை மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு. ஒரு தமிழ்ப் படத்தின் நீளம், பாட்டு உட்பட. வானத்தில் அது எரியப் போவது இடைவேளைக்கு வெகு முன்பே முடிந்துவிடும்.

சிஇ-20-ஐத் தரையில் எரிப்பதில் வேறு ஒரு சிக்கலும் உண்டு. வெற்றிடத்தில் வேலை செய்வதற்காக அதன் நாசில் ரொம்ப அகலமாக விரிந்திருக்கும். வாய்ப்பகுதிக்கு வரும்போது வாயுவின் அழுத்தம் 50 மில்லிபார்தான். வெளியே காற்றின் அழுத்தம் ஆயிரம் மில்லிபார். பலசாலியான வெளிக்காற்று உள்ளே புகுந்து வாயுவைச் சுவரில் இருந்து பிய்த்துவிடும். நாசில் பேய் பிடித்த மாதிரி ஆடும், உடையவும் செய்யலாம். இதற்காகவே வெற்றிடக் கூடத்தைத் தேட வேண்டியிருந்தது. 2024 நவம்பர் 29 அன்று நாசிலுக்கு ஒரு பாதுகாப்பு அமைப்பைப் பொருத்தித் திறந்த வெளியிலேயே எரித்துக் காட்டினார்கள். செலவும் சிக்கலும் குறைகிற வேலை.

இவ்வளவு சோதித்த பிறகும் எல்லாம் பிடிபட்டுவிடும் என்று நினைக்க வேண்டாம். 2021 ஆகஸ்ட் 12 அன்று ஜிஎஸ்எல்வி-எஃப்10 போனது. கிரையோஜெனிக் அடுக்கின் முறை வந்தபோது என்ஜின் எழும்பவில்லை. விசாரித்தால், ஹைட்ரஜன் டேங்கின் மேல் இருந்த ஒரு வால்வு கசிந்து டேங்கில் அழுத்தம் குறைந்திருக்கிறது. அழுத்தம் குறைந்ததால் சரியாக ஓட முடியாமல் போனது எது என்று நினைக்கிறீர்கள்? அதே துணைப் பம்ப். இந்த முறை பம்ப் மேல் தப்பில்லை, அதற்குச் சாப்பாடு போகவில்லை. வால்வின் மென்மையான சீல் ஒன்று பழுதுபட்டிருக்க வேண்டும் என்றார்கள். என்ஜினை எத்தனை முறை எரித்துப் பார்த்தாலும் டேங்க் உச்சியில் இருக்கும் வால்வின் சீல் விஷயம் அதில் வராது. அடுத்து 2023 மே 29-ல் போன ஜிஎஸ்எல்வி வெற்றி.

மகேந்திரகிரியில் அடுத்த பெரிய பிள்ளையாக வந்திருப்பது அரைக் கிரையோஜெனிக் என்ஜின். திரவ ஆக்சிஜனும் மண்ணெண்ணெயும். 2000 கிலோநியூட்டன் தள்ளு, அதாவது 200 டன்னுக்கு மேல். 2023 ஜூலை 1 அன்று அதன் பம்ப்புகளும் வாயு உற்பத்திப் பகுதியும் சேர்ந்த அமைப்பை முதன்முதலாக நாலரை விநாடி ஓட்டிப் பார்க்கத் திட்டம். 1.9 விநாடி வரை எதிர்பார்த்தபடியே போனது. இரண்டாவது விநாடியில் டர்பைன் அழுத்தம் திடீரென்று எகிறியது, டர்பைனின் வேகம் விழுந்தது. சோதனையை உடனே நிறுத்திவிட்டார்கள்.

2010-ல் ஒன்றரை விநாடியில் நின்ற பம்ப்போடு இதை வைத்துப் பாருங்கள். அங்கே ஒரு ராக்கெட், ஒரு செயற்கைக்கோள், நாலு வருடத் தாமதம். இங்கே பேப்பரில் நாலு வரி. எந்தப் பாகமும் கடலுக்குப் போகவில்லை, எல்லாம் மலையடிவாரத்திலேயே இருந்தது. பிரித்துப் பார்த்தார்கள், திருத்தினார்கள். 2025 மார்ச் 28 அன்று மறுபடி ஓட்டியபோது 2.5 விநாடி சீராக ஓடியது. ஏப்ரல் 24 அன்று மூன்றரை விநாடி.